மீனம்பட்டியிலிருந்து போன பிள்ளை

1976 அக்டோபரில் 'மூன்று முடிச்சு' வெளிவந்தபோது ஸ்ரீதேவிக்கு வயது 13. கே. பாலசந்தர் இயக்கிய அந்தப் படத்தில் அவர் பெயர் செல்வி. காதலன் கமல்ஹாசன் நீரில் மூழ்கிப் போகிறான். காப்பாற்றாமல் வேடிக்கை பார்த்த ரஜினிகாந்தின் அப்பாவுக்கே பிற்பாடு கழுத்தை நீட்டி, அவனுக்குச் சித்தியாக அந்த வீட்டுக்குள் நுழைகிறாள். ரஜினிக்கு அப்போது 25 வயது, கமலுக்கு 21. பெண்ணின் திருமண வயது என்று அன்றைய சட்டம் சொன்னது 15. அது 18 ஆனது 1978-இல். திரையில் தாலி ஏறியது, அன்றைய சட்டமே ஒப்புக்கொள்ளாத வயதுப் பிள்ளையின் கழுத்தில்.

எனக்கும் அப்போது அதே வயது. சிவகாசிக்குப் பக்கத்துக் கிராமத்தில், பாவாடை சட்டை, ரெட்டைச் சடையோடு எட்டாம் வகுப்பு. எங்கள் ஊர்க் கொட்டகைக்கு அந்தப் படம் வந்தபோது பெண்கள் பக்கத்தில் மணலைக் கூட்டி உட்கார்ந்து பார்த்தேன். புடவை கட்டி, கொண்டை போட்டு, வளர்ந்த ஆண்பிள்ளையைக் கண்ணாலேயே அடக்கி நிற்கிறவள் என் வயதுக்காரி என்று அன்று யார் சொல்லியிருந்தாலும் நம்பியிருக்க மாட்டேன். அத்தனை தேர்ச்சி அந்த நடிப்பில். எந்தப் பள்ளிக்கூடத்திலும் கற்றுத்தராத தேர்ச்சி அது. அதைக் கற்றுக்கொள்ள அந்தப் பிள்ளை என்ன கொடுத்தது என்பதை யோசிக்க எனக்குப் பல வருஷங்கள் ஆயின.

ஸ்ரீதேவி எங்கள் பக்கத்துப் பிள்ளை. 1963 ஆகஸ்ட் 13-இல் பிறந்தவர். சொந்த ஊர் சிவகாசியை ஒட்டிய மீனம்பட்டி. அப்பா ஐயப்பன் வழக்கறிஞர். அம்மா ராஜேஸ்வரி தெலுங்குக்காரர். முதன்முதலாக நான் அவரைப் பார்த்தது 'துணைவன்' படத்தில். 1969-இல் சாண்டோ சின்னப்பா தேவர் தயாரித்து, எம்.ஏ. திருமுகம் இயக்கிய பக்திப் படம். ஏ.வி.எம். ராஜனும் சௌகார் ஜானகியும் ஜோடி. அதில் பாலமுருகனாக வந்தது அந்தக் குழந்தை. எங்கள் அப்பத்தா திரையைப் பார்த்துக் கையெடுத்துக் கும்பிட்டார். அப்பா குனிந்து அவர் காதருகே சொன்னார்:

"யம்மா, அது நம்ம மீனம்பட்டி வக்கீல் மக."

"பொம்பளப் புள்ளையாய்யா?" அப்பத்தா கும்பிட்ட கையை இறக்கவில்லை. கொஞ்ச நேரம் உற்றுப் பார்த்தார். "கண்ணப் பாரு. பாவம், புள்ளைக்குத் தூக்கம் வருது போலருக்கே."

திருநீறும் கிரீடமும் வேலும் எல்லோருக்கும் தெரிந்தன. தூக்கம் அப்பத்தாவுக்கு மட்டும் தெரிந்தது. ஏழு பிள்ளை பெற்று வளர்த்தவர்.

அதற்குப் பிறகு அந்தக் குழந்தைக்கு ஓய்வே இல்லை. அதே 1969-இல் எம்.ஜி.ஆரோடு 'நம் நாடு'. அதில் கூட நடித்த இன்னொரு குழந்தை குட்டி பத்மினி. 1971-இல் சிவாஜியோடு 'பாபு'. ரிக்‌ஷாக்காரர் தோளில் தூக்கி வளர்க்கும் அம்மு. அதே வருஷம் மலையாளத்தில் 'பூம்பாட்டா'. அதற்குக் கேரள அரசின் சிறந்த குழந்தை நட்சத்திர விருது. 1972-இல் தெலுங்கில் 'படி பந்துலு'. 1975-இல் இந்தியில் 'ஜூலி', நடிகை லட்சுமிக்குத் தங்கை. பன்னிரண்டு வயது முடிவதற்குள் நான்கு மொழி. ஒவ்வொரு மொழியிலும் யாரோ சொல்லிக்கொடுத்த வசனத்தை மனப்பாடம் பண்ணி, உதட்டசைவு பிசகாமல் சொல்ல வேண்டும். நான் பதினாறாம் வாய்ப்பாடு வராமல் முட்டி போட்டுக்கொண்டிருந்த வயசு அது.

படப்பிடிப்புத் தளத்தில் குழந்தை இத்தனை மணி நேரம்தான் நிற்கலாம் என்று அன்று ஒரு விதி கிடையாது. கோடம்பாக்கத்தில் ஆர்க் விளக்கின் சூட்டில் பெரியவர்களே வியர்த்துக் கொட்டுவார்கள். கதாநாயகனின் கால்ஷீட் எப்போது கிடைக்கிறதோ அப்போது குழந்தையின் காட்சி. அது இரவு பத்து மணியாக இருந்தால் பத்து மணி. ஸ்ரீதேவியின் அம்மா கூடவே இருந்து பார்த்துக்கொண்டார். அது அந்தக் குழந்தையின் பாக்கியம். ஆனால் அம்மா பக்கத்தில் இருப்பதும் பள்ளிக்கூடத்தில் இருப்பதும் ஒன்றல்ல. பள்ளி, கல்லூரி வாழ்க்கை தனக்கு வாய்க்கவில்லை, குழந்தையிலிருந்து நேரே கதாநாயகியாகிவிட்டேன் என்று பிற்காலத்துப் பேட்டிகளில் அவரே சொல்லியிருக்கிறார். குறையாகச் சொன்னதில்லை. சினிமா தனக்கு எல்லாம் கொடுத்தது என்ற நன்றியோடுதான் சொன்னார்.

இங்கே எங்கள் ஊரைப் பற்றிச் சொல்லாமல் மேலே போக முடியாது. ஸ்ரீதேவி சென்னையில் அரிதாரம் பூசிக்கொண்டிருந்த அதே வருஷங்களில், அவர் பிறந்த வட்டாரத்துப் பிள்ளைகள் விடிவதற்கு முன்னால் வேனில் ஏறிக்கொண்டிருந்தார்கள். தீப்பெட்டி ஆபீஸ் வேன் நாலரை, ஐந்து மணிக்கு ஊர் மந்தையில் வந்து நிற்கும். தூக்குவாளியும் கையுமாக எட்டு வயது, பத்து வயதுப் பெண்பிள்ளைகள் பாதித் தூக்கத்தில் ஏறுவார்கள். வரி வரியாகப் பள்ளம் வெட்டிய சட்டத்தில் குச்சியை ஒவ்வொன்றாக அடுக்க வேண்டும். கட்டை அடுக்குவது என்போம். முடிக்கிற கட்டைக்குத் தக்கபடி கூலி. வீட்டில் மிச்ச நேரத்துக்குப் பெட்டி ஒட்டுகிற வேலை. பசையும் தாளும் திண்ணையில் எப்போதும் கிடக்கும். என்னோடு மூன்றாம் வகுப்பு வரை ஒரே பலகையில் உட்கார்ந்திருந்தவள் நான்காம் வகுப்பில் வரவில்லை. அவள் அம்மாவுக்கு ஊரில் கடன். கம்பெனி ஏஜென்ட் முன்பணம் கொடுத்திருந்தான். அவ்வளவுதான் கதை.

நடிப்பையும் கட்டை அடுக்குவதையும் ஒரே தட்டில் வைக்க நான் துணியமாட்டேன். ஒன்றில் ரசாயன நெடி, இருமல், நாலணா. மற்றதில் பேர், புகழ், கலை. அந்த வேறுபாட்டை மறைத்தால் என் தோழிக்குத்தான் துரோகம். ஆனாலும் இரண்டு பிள்ளைகளையும் விடியற்காலையில் எழுப்பியது வேலைதான். இரண்டு பேர் சம்பாத்தியமும் அவர்கள் கைக்குப் போகவில்லை. இரண்டு பேரிடமும் உனக்கு விருப்பமா என்று கேட்கும் வழக்கம் அன்றைக்கு இல்லை. இது மட்டும் பொது.

குழந்தை நட்சத்திரமாக இருந்து பெரிய நடிகரானவர் என்றால் நமக்கு முதலில் நினைவுக்கு வருகிறவர் கமல்ஹாசன். 1960-இல் 'களத்தூர் கண்ணம்மா', குடியரசுத் தலைவரின் தங்கப் பதக்கம். தொடர்ந்து சில படங்கள். பிறகு? ஒரு நீண்ட இடைவெளி. டி.கே.எஸ். நாடகக் குழு, தங்கப்பன் மாஸ்டரிடம் நடன உதவி, அங்கே இங்கே தலைகாட்டுவது, 1973-இல் 'அரங்கேற்றம்'. அந்தப் பத்து வருஷத்தில் அவர் வளர்ந்தார். குரல் உடைந்தது, மீசை அரும்பியது, ஊர் அவரை மறந்தது, தான் யாராக வேண்டும் என்று தேடிக்கொள்ள அவகாசம் கிடைத்தது. ஆண்பிள்ளைக்கு இயற்கையே கொடுத்துவிடும் விடுப்பு அது. மீசை முளைக்காத பையனை யாரும் கதாநாயகனாகப் போட மாட்டார்கள்.

பெண்பிள்ளைக்கு அந்த விடுப்பு இல்லை. தாவணி போட்டுவிட்டால் போதும், கதாநாயகி. ஸ்ரீதேவி 'ஜூலி'யில் தங்கையாக வந்த மறு வருஷமே 'மூன்று முடிச்சு'. 'பேபி' என்ற முன்னொட்டு போனதும் அதே வேகம்தான். இதற்கு எல்லாவற்றையும் விடப் பெரிய சாட்சி தெலுங்கில் இருக்கிறது. 1972-இல் 'படி பந்துலு'வில் என்.டி. ராமராவுக்குப் பேத்தியாக நடித்தவர், 1979-இல் 'வேட்டகாடு' படத்தில் அதே ராமராவுக்குக் கதாநாயகி. நடுவில் ஏழு வருஷம். ராமராவுக்கு அப்போது 56. இதைத் திரையுலகச் சுவாரஸ்யமாக எத்தனையோ பேர் எழுதியிருக்கிறார்கள். எனக்கு அதில் சுவாரஸ்யம் எதுவும் தெரியவில்லை. ஒரு பெண்ணின் வளர்பருவத்தை ஒரு தொழிலே சேர்ந்து ஒளித்துவைத்ததற்கான கணக்குச் சீட்டாகத்தான் அதைப் படிக்கிறேன்.

இப்படிச் சொல்வதால் அவர் நடிப்பை நான் குறைத்து மதிப்பதாக யாரும் நினைக்க வேண்டாம். 1977 செப்டம்பரில் வந்தது '16 வயதினிலே'. மயிலாக நடித்தவருக்கு 14 தான் முடிந்திருந்தது. பாரதிராஜா கேமராவை ஸ்டுடியோவிலிருந்து கிராமத்துக்குத் தூக்கிக்கொண்டு போன முதல் படம். எங்கள் ஊரே கொட்டகையில் இருந்தது. மயில் படித்த பெண். டீச்சராக வேண்டும் என்று கனவு காண்கிறவள். ஊரில் இருக்கும் சப்பாணியையும் பரட்டையையும் அவளுக்குக் கண்ணில் பிடிக்காது. பட்டணத்து மாட்டு டாக்டர் வந்ததும் மயங்குகிறாள், ஏமாறுகிறாள். அந்தப் படத்தைப் பார்த்துவிட்டு வீட்டுக்கு வந்த ராத்திரி, நான் டீச்சர் டிரெயினிங் போகப்போகிறேன் என்று அம்மாவிடம் சொன்னேன். "போடி, முதல்ல பத்தாவத முடி" என்றார் அம்மா. போனேன், முடித்தேன், விருதுநகர் மாவட்டத்துப் பள்ளிகளில் ஓய்வுபெறும் வரை வேலை பார்த்தேன். எனக்கு அந்த ஆசையைக் கொடுத்தவளுக்கு ஒரு பள்ளிக்கூடத்துப் பெஞ்சில் நிம்மதியாக உட்கார வாய்ப்பில்லாமல் போனது.

'மூன்றாம் பிறை'யைப் பற்றி மட்டும் கொஞ்சம் நின்று பேச வேண்டும். 1982. பாலுமகேந்திரா. விபத்தில் நினைவிழந்து குழந்தை மனசுக்குத் திரும்பிவிடும் விஜி. ஊட்டிக் குளிரில் ஒரு பள்ளிக்கூட வாத்தியார் அவளைக் கண்ணுக்குக் கண்ணாக வைத்துப் பார்த்துக்கொள்கிறார். அவளிடம் ஒரு நாய்க்குட்டி; பேர் சுப்பிரமணி. அந்தக் குட்டியைத் தூக்குவதும் கொஞ்சுவதும் மிரட்டுவதும் கவனித்துப் பாருங்கள். வளர்ந்த பெண் குழந்தைபோல் நடிக்கும்போது வழக்கமாக நம் சினிமாவில் என்ன நடக்கும்? மழலைக் குரல், துள்ளல், விரலைக் கடிப்பது. ஸ்ரீதேவி அப்படிச் செய்யவில்லை. குழந்தையின் பிடிவாதத்தைப் பிடித்தார். ஒன்று வேண்டும் என்றால் வேண்டும். அதைத் தவிர உலகத்தில் வேறெதுவும் அந்த நிமிஷத்தில் இல்லை. முகம் தெளிந்திருக்கும்போதே திடீரென்று பயம் வந்துவிடும், காரணம் சொல்லத் தெரியாது. முப்பது வருஷத்துக்கு மேல் ஒன்றாம் வகுப்பு, இரண்டாம் வகுப்புக் குழந்தைகளோடு உட்கார்ந்தவள் என்ற உரிமையில் சொல்கிறேன்: அது நிஜம்.

அப்போது அவருக்கு 18 வயது. எங்கிருந்து எடுத்தார் அதை? தான் வாழாத குழந்தைப் பருவத்தை அவர் அதில் வாழ்ந்து தீர்த்தார் என்று சிலர் உருகுவதுண்டு. எனக்கு அப்படித் தோன்றவில்லை. நான்கு வயசிலிருந்து பெரியவர்கள் நடுவில் கழித்த பிள்ளை, அவர்களை உற்றுப் பார்த்தே வளர்ந்திருக்கும். அந்தப் பார்வை பிற குழந்தைகள் மீதும் விழுந்திருக்கும். படத்தின் கடைசியில், நினைவு திரும்பிய விஜிக்குத் தன்னை நினைவூட்ட, கேத்தி ரயில் நிலையத்தில், மழையில் வாத்தியாராக வரும் கமல் விழுந்து புரண்டு குரங்காட்டம் ஆடிக் காட்டுகிறார். தேசிய விருது அவருக்கு. ஜன்னலோரத்தில் உட்கார்ந்து, யாரோ பைத்தியம் என்று நினைத்து, இரக்கத்தோடு சில்லறையோ சாப்பாடோ கொடுக்கத் துணிகிற அந்த முகத்துக்கும் அதே விருது சேர வேண்டியது. கொஞ்ச நேரத்துக்கு முன்னால் வரை குழந்தையாக இருந்தவள் இவள்தானா என்று அந்த முகம் நம்மைக் கேட்க வைக்கிறது. அடையாளமே இல்லாமல் அழித்துவிட்டிருப்பார்.

பிறகு அவர் பம்பாய் போனார். 'ஹிம்மத்வாலா' 1983, 'நகினா' 1986, 'மிஸ்டர் இந்தியா' 1987, 'சாந்தினி' 1989. இந்தியாவே கொண்டாடிய அந்தக் காலத்தைப் பற்றி எல்லோரும் எழுதிவிட்டார்கள். நான் ஒன்றை மட்டும் சொல்கிறேன். இந்தியில் ஆரம்பத்தில் அவருக்குச் சொந்தக் குரல் கிடையாது. உச்சரிப்பு தெற்கத்தி வாடை அடிக்கும் என்று வேறொருவரைப் பேச வைத்தார்கள். பல படங்களில் குரல் கொடுத்தவர் நாஸ். இந்த நாஸ் யார் தெரியுமா? 'பூட் பாலிஷ்' என்ற 1954-ஆம் வருஷத்துப் படத்தில் தெருவில் பிச்சையெடுக்கும் சிறுமியாக நடித்து, கேன்ஸ் திரைப்பட விழாவிலேயே பாராட்டு வாங்கிய பேபி நாஸ்! அந்தப் பாராட்டுக்குப் பிறகு அவரைப் பெரிய கதாநாயகியாக யாரும் ஆக்கவில்லை. சின்னச் சின்ன வேடங்கள், பிறகு டப்பிங் அறை. குழந்தை நட்சத்திரமாக இருந்து உச்சிக்குப் போன ஒருத்தியின் வாயில், குழந்தை நட்சத்திரமாக இருந்து மறக்கப்பட்ட இன்னொருத்தியின் குரல். 'சாந்தினி'யில்தான் ஸ்ரீதேவி தன் குரலில் பேசினார்.

'நம் நாடு' குழந்தைகளில் மற்றவரான குட்டி பத்மினி வேறு பாதையில் போனார். 1965-இல் 'குழந்தையும் தெய்வமும்' படத்தில் இரட்டை வேடத்தில் தமிழ்நாட்டையே கட்டிப்போட்டவர். வளர்ந்த பிறகு துணை வேடங்கள், அதன் பிறகு தொலைக்காட்சி. 'கிருஷ்ணதாசி', 'ராமானுஜர்' என்று தொடர்கள் தயாரித்தார். கேமராவுக்கு முன்னால் நின்ற குழந்தை பின்னால் போய் முதலாளியானது என்றால் எனக்கு மனசுக்குள் ஒரு சந்தோஷம். பேபி ஷாலினி கதாநாயகியாகத் திரும்பி வந்து, கல்யாணத்தோடு போதும் என்று விலகினார். அதுவும் அவர் எடுத்த முடிவு.

ஸ்ரீதேவி தொலைக்காட்சிக்கு வந்தது 2004-இல். 1997-இல் 'ஜுதாய்' முடித்துக் குடும்பம், குழந்தைகள் என்று ஒதுங்கியிருந்தவர், சஹாரா சேனலில் 'மாலினி ஐயர்' என்ற நகைச்சுவைத் தொடரில் நடித்தார். பஞ்சாபிக் குடும்பத்தில் வாழ்க்கைப்பட்ட தமிழ்ப் பெண். இந்தி எனக்கு அரைகுறைதான், ஆனாலும் பார்த்தேன். வெள்ளிக்கிழமை 'ஒளியும் ஒலியும்', ஞாயிற்றுக்கிழமைப் படம் என்று பஞ்சாயத்து டிவி முன்னால் ஊரே கூடி அவரைப் பார்த்தது போய், வீட்டுக் கூடத்தில் நான் மட்டும் உட்கார்ந்து பார்த்தேன். தொடர் அப்படியொன்றும் உயர்ந்ததில்லை. அவர் அதைவிட மேலானவர்.

மேலானதை எட்டு வருஷம் கழித்துச் செய்தார். 2012-இல் கௌரி ஷிண்டே இயக்கிய 'இங்கிலிஷ் விங்கிலிஷ்'. வயது 49. வீட்டிலேயே லட்டு செய்து விற்கும் சசி. ஆங்கிலம் வராததால் மகளுக்கும் கணவனுக்கும் இளப்பம். நியூயார்க்கில் ஒரு காப்பிக் கடை. கவுன்டரில் நிற்கும் பெண் கடகடவென்று கேள்வி கேட்கிறாள். பின்னால் வரிசை. சசிக்கு என்ன வேண்டும் என்பது தெரியும், சொல்லத்தான் வரவில்லை. கை பையைத் தேடுகிறது, கண் கீழே போகிறது, உதடு ஒரு வார்த்தையை ஆரம்பித்து விட்டுவிடுகிறது. என் வகுப்பில், எழுந்து நின்று பதில் வராமல் மேஜை விளிம்பைச் சுரண்டும் பிள்ளைகளின் முகம் அப்படியே. பிறகு அவள் நான்கு வார ஆங்கில வகுப்பில் சேர்கிறாள். நோட்டுப் புத்தகம், பக்கத்தில் உட்காரத் தோழர்கள், சந்தேகம் கேட்டால் சிரிக்காத ஆசிரியர், வீட்டுப்பாடம். ஸ்ரீதேவி பள்ளிப் பெஞ்சில் உட்கார்ந்ததைப் பார்த்தபோது என்னால் கண்ணீரை நிறுத்த முடியவில்லை. நடிப்புக்காக அழவில்லை. அதற்கு மேலும் சொன்னால் மிகையாகும்.

2017-இல் 'மாம்'. 300-ஆவது படம், திரைக்கு வந்து 50 வருஷம் என்று கொண்டாடினார்கள். 2018 பிப்ரவரி 24-இல் துபாயில் இறந்துபோனார், 54 வயது. ஏப்ரலில் 'மாம்' படத்துக்காகச் சிறந்த நடிகைக்கான தேசிய விருது அறிவிக்கப்பட்டது. அரைநூற்றாண்டில் அவருக்குக் கிடைத்த முதல் தேசிய விருது. வாங்க அவர் இல்லை. அந்த ஜூலையில் மூத்த மகள் ஜான்வியின் முதல் படம் வந்தது. மகளுக்கு 21 வயது. தான் நான்கு வயசில் நின்ற இடத்தில் மகளை 21 வயது வரை நிற்க விடாத அந்தத் தாயின் தீர்மானத்தை நான் மிகவும் மதிக்கிறேன்.

சட்டமும் மெல்ல மாறியிருக்கிறது. 1986-இல் குழந்தைத் தொழிலாளர் சட்டம் வந்தது. 1996 டிசம்பரில் எங்கள் சிவகாசிப் பிள்ளைகளுக்காக எம்.சி. மேத்தா தொடுத்த வழக்கில் உச்ச நீதிமன்றம், அபாயகரமான வேலையில் குழந்தையை வைத்திருந்தால் தலைக்கு 20,000 ரூபாய் முதலாளி கட்ட வேண்டும் என்றது. விடியற்காலை வேன்கள் குறைந்தன, என் வகுப்பறை வருகைப் பதிவேட்டில் சிவப்பு மையால் அடித்த பெயர்கள் குறைந்தன. அதைக் கண்ணால் கண்டவள் நான். 2016-இல் செய்த திருத்தம் 14 வயதுக்குக் கீழ் எந்த வேலையும் கூடாது என்றது. இரண்டு விலக்கு மட்டும். ஒன்று குடும்பத் தொழிலில் பள்ளி நேரம் போக உதவுவது. மற்றது சினிமா, தொலைக்காட்சி, விளம்பரம்.

மீனம்பட்டிப் பிள்ளைக்குத் தீப்பெட்டி ஆபீஸ் கதவு மூடிவிட்டது. ஸ்டுடியோ கதவு திறந்திருக்கிறது. திறந்திருக்கட்டும்; குழந்தைகள் இல்லாத கலையை நான் கேட்கவில்லை. அந்தக் கதவுக்கு 2017-ஆம் வருஷத்து விதிகள் காவல் வைத்திருக்கின்றன. மாவட்ட ஆட்சியரின் அனுமதி வேண்டும். ஒரு நாளில் 5 மணி நேரத்துக்கு மேல் கூடாது. ஓய்வில்லாமல் 3 மணி நேரத்துக்கு மேல் கூடாது. தொடர்ந்து 27 நாளுக்கு மேல் வேலை வாங்கக் கூடாது. ஐந்து குழந்தைக்கு ஒரு பொறுப்பாளர் இருக்க வேண்டும். குழந்தையின் விருப்பத்தை மீறி நடிக்க வைக்கக் கூடாது. வருமானத்தில் குறைந்தது 20 சதவீதம் குழந்தை பெயரில் தேசியமயமாக்கப்பட்ட வங்கியில் வைப்புத்தொகையாக நேரடியாகப் போக வேண்டும். அமெரிக்காவில் இப்படியொரு சட்டம் 1939-இலேயே வந்துவிட்டது. சாப்ளினோடு நடித்த ஜாக்கி கூகன் வளர்ந்து பார்த்தபோது தான் சம்பாதித்ததெல்லாம் கரைந்திருந்ததால், பெற்ற தாய் மீதே வழக்குப் போட்டார், அதன் பிறகுதான். நமக்கு எழுபது, எண்பது வருஷம் தாமதம். ஸ்ரீதேவிக்கு அது எட்டவில்லை.

விதி இருக்கிறது. நடப்பு? நான் ஓய்வுபெறுவதற்குக் கொஞ்ச காலம் முன்னால் எங்கள் பள்ளிப் பிள்ளை ஒன்று தொலைக்காட்சிப் பாட்டுப் போட்டிக்குத் தேர்வானது. நல்ல சாரீரம். அவள் அம்மா லீவு கேட்டு வந்திருந்தார்.

"எத்தனை மணிக்கும்மா முடிக்கிறாங்க?"

"அதுக்கெல்லாம் கணக்கில்ல டீச்சர். போன தடவை ராத்திரி ஒரு மணி. நம்ம நம்பர் வர்ற வரைக்கும் மேக்கப் கலையாம உக்காந்திருக்கணும். பிள்ள தூங்குச்சுன்னா முகம் உப்பிப்போகுமாம், தூங்க வைக்க வேணாங்கிறாங்க."

"கலெக்டர் அனுமதி, பேங்க் அக்கவுன்ட் எதுவும் கேட்டாங்களா?"

"அதெல்லாம் பெரியவங்களுக்கு டீச்சர். நமக்கு டிவியில காட்டுறதே பெருசில்லையா?"

அந்தத் தாயைக் குறைசொல்ல எனக்கு வாய் வரவில்லை. கணவன் அச்சாபீஸில் கூலி. மகள் முகம் திரையில் வருவதைவிட அவர் பெரிதாக எதைப் பார்த்திருக்கிறார்? கேட்டிருக்க வேண்டியவர்கள் நிகழ்ச்சி நடத்தியவர்கள். கேட்கவில்லை. அந்தப் பிள்ளை இரண்டாவது சுற்றில் வெளியேறி, காய்ச்சலோடு வந்து, ஒரு வாரம் வகுப்பில் யாரோடும் பேசாமல் இருந்தது. தோற்றதைப் பற்றி நடுவர்கள் கேமரா முன்னால் அழ அழக் கேட்டதை ஊரே பார்த்திருந்தது.

உங்கள் வீட்டிலோ தெருவிலோ ஒரு பிள்ளை நடிக்கவோ பாடவோ ஆடவோ அழைக்கப்பட்டால், சந்தோஷமாக அனுப்புங்கள். அனுப்புவதற்கு முன்னால் ஆட்சியர் அனுமதியின் நகலைக் கேளுங்கள். ஐந்து மணி நேரம் முடிந்ததும், யார் என்ன சொன்னாலும், பிள்ளையைக் கூட்டிக்கொண்டு கிளம்புங்கள். அதன் பெயரில் வங்கிக் கணக்கு திறந்து 20 சதவீதம் போடப்பட்டதா என்று புத்தகத்தைப் பிரித்துப் பாருங்கள். மறுத்தால் 1098-க்குப் பேசுங்கள். இலவச எண், எந்நேரமும் எடுப்பார்கள். இன்று ராத்திரி ஏதாவது ஒரு சேனலில் குழந்தைகள் நிகழ்ச்சி பார்க்க உட்கார்ந்தால், பாட்டைக் கேட்டு முடித்த பிறகு அந்தப் பிள்ளையின் கண்ணை ஒரு தரம் பாருங்கள்.